முதலில் வகை, பிறகு மார்க்: ஜெர்மன் பீரும் உடன்குடி கருப்பட்டியும்



ஜெர்மனியில் லைப்சிக் நகரத்தில் 'கோஸ' என்று ஒரு பீர் இருக்கிறது. அதில் உப்பு போடுவார்கள். கூடவே கொத்தமல்லி விதையும் போடுவார்கள். லேசாகப் புளிக்கவும் செய்யும். உப்பளங்களுக்கு நடுவில் வாழ்கிற தூத்துக்குடிக்காரன் கேட்டாலே "பீரா, ரசமாலே?" என்றுதான் கேட்பான். ஆனால் அந்த ஊரில் இதை யாரும் கெட்டுப்போன பீர் என்று சொல்வதில்லை. அது கோஸ. அப்படித்தான் இருக்கணும்.

இந்த "அப்படித்தான் இருக்கணும்" என்பதற்குள் என்ன இருக்கு என்று பார்ப்பதுதான் இந்தக் கட்டுரை. ஒரு ஊர்க்காரர்கள் நூற்றாண்டுக்கணக்கில் ஒரு பானத்தை ஒரே மாதிரி செய்துவருகிறார்கள் என்றால், அதைச் சுவைக்கிறவன் எதை வைத்துத் தீர்ப்புச் சொல்லணும்? ஜெர்மனியில் ஆரம்பித்து நம்ம திருச்செந்தூர் பக்கத்துத் தேரிக்காட்டுப் பனையில் வந்து முடிப்போம். காரணம் இருக்கு. அங்கே பேச்சு ருசியைப் பற்றி மட்டும்தான். இங்கே ஒரு தொழிலின் பிழைப்பே நம்ம நாக்கில் தொங்குது.

(முன்குறிப்பு: இது பீர் குடிக்கச் சொல்லும் கட்டுரை இல்லை. தமிழ்நாட்டில் அதற்குச் சட்டப்படி 21 வயது ஆகணும். கெமிஸ்ட்ரி படிக்க வயது வரம்பு கிடையாது.)

1516: மூன்றே மூன்று பொருள்

1516 ஏப்ரல் 23. பவேரியாவை ஆண்ட நான்காம் வில்ஹெல்ம், பத்தாம் லுட்விக் என்ற சகோதரர்கள் இங்கோல்ஸ்டாட் நகரத்தில் ஓர் ஆணை போட்டார்கள். பீரில் பார்லி, ஹாப்ஸ், தண்ணீர் இந்த மூன்றைத் தவிர வேறு எதுவும் சேர்க்கக் கூடாது. இதைத்தான் இன்று 'ரைன்ஹைட்ஸ்கெபோட்', அதாவது தூய்மை ஆணை என்று சொல்கிறார்கள். அந்தப் பெயர் பிற்காலத்தில் வந்தது. 1516-இல் எழுதிய ஆணையில் பெரும்பகுதி, எந்தப் பருவத்தில் பீரை என்ன விலைக்கு விற்கலாம் என்ற விலைக்கட்டுப்பாடுதான்.

பார்லி மட்டும் என்று ஏன் சொன்னார்கள்? கோதுமையும் ரை என்ற தானியமும் ரொட்டிக்கு வேணும். பீர்க்காரர்கள் போட்டிபோட்டு வாங்கினால் ரொட்டி விலை ஏறும். ஆக 'தூய்மை' என்று நாம் இன்று பெருமையாகப் பேசும் விதியில் ரேஷன் கணக்கும் கலந்திருக்கு.

ஹாப்ஸ் ஏன்? அதற்கு முன் கண்ட மூலிகைகளையும் போட்டு பீர் காய்ச்சினார்கள். ஹாப்ஸ் என்பது ஒரு கொடியின் பூ. அதிலுள்ள ஆல்பா அமிலங்கள் கொதிக்கும்போது வடிவம் மாறிக் கசப்பைத் தரும். அந்தக் கசப்புப் பொருள் பீரைப் புளிக்க வைக்கும் லாக்டிக் பாக்டீரியாக்களை அடக்கிவைக்கும். பிரிட்ஜ் இல்லாத காலத்தில் அது ஒரு பிரிசர்வேட்டிவ். கெட்டுப்போகாமல் இருக்கப் போட்ட பொருள் நாளடைவில் ருசியாகவே ஆகிவிட்டது. இன்று கசப்பு இல்லாத பில்ஸ்னர் பீரை ஜெர்மானியர் ஒத்துக்கொள்ள மாட்டார். இதை நினைவில் வையுங்க. கொஞ்ச நேரத்தில் நம்ம ஊர்ச் சுண்ணாம்பு வரும்.

நாலாவதாக ஈஸ்ட் எங்கே என்று கேட்டால், 1516-இல் அப்படி ஒன்று இருப்பதே யாருக்கும் தெரியாது. போன தடவை காய்ச்சியதன் அடிக்கசடை எடுத்து அடுத்த தொட்டியில் ஊற்றுவார்கள். நம்ம வீட்டில் உறைமோர் எடுத்துவைக்கிற அதே டெக்னிக். லூயி பாஸ்டர் பீரைப் பற்றிய தன் புத்தகத்தை 1876-இல்தான் வெளியிட்டார். 1883-இல் கோபன்ஹேகனில் கார்ல்ஸ்பெர்க் ஆய்வகத்தில் எமில் கிறிஸ்டியன் ஹான்சன் ஒரே ஒரு ஈஸ்ட் செல்லிலிருந்து தூய கல்ச்சர் வளர்த்துக் காட்டினார். அதாவது தியரி வருவதற்கு 360 வருஷம் முன்பே பிராக்டிகல் சரியாக நடந்துகொண்டிருந்தது.

ஒரே மூலக்கூறு, இரண்டு தீர்ப்பு

பவேரியாவின் கோதுமை பீர் 'வைஸ்பியர்'. அதை முகர்ந்தால் வாழைப்பழ வாசம் வரும். வாழைப்பழம் யாரும் போடவில்லை. அந்த ஈஸ்ட் தன் வேலையைச் செய்யும்போது ஐசோஅமைல் அசிடேட் என்ற எஸ்டரை வெளியிடும். வாழைப்பழத்திலும் அதே பொருள்தான் மணக்குது. கூடவே லேசான கிராம்பு வாசமும் உண்டு. ஈஸ்ட் மிதப்பதால் பீர் கலங்கலாகவும் இருக்கும். வைஸ்பியரில் இது எல்லாமே சரி. இதே வாழைப்பழ வாசம் ஒரு பில்ஸ்னரில் தூக்கலாக வந்தால் காய்ச்சியவர் நொதித்தல் வெப்பநிலையில் கோட்டை விட்டிருக்கிறார் என்று அர்த்தம். மூலக்கூறு ஒன்றுதான். ஒரு இடத்தில் பாஸ், இன்னொரு இடத்தில் ஃபெயில்.

பாம்பெர்க் நகரத்தின் 'ரவுக்பியர்' இன்னும் சுவாரசியம். பார்லி மால்ட்டை பீச் மரப் புகையில் காயவைப்பார்கள். பீரிலேயே புகை அடிக்கும். முதல் தடவை குடிப்பவர் "என்ன இது, அடுப்படி வாசம் அடிக்குது" என்று முகம் சுளிப்பார். ஆனால் முன்காலத்தில் மால்ட்டை நெருப்பில் காயவைத்த இடத்தில் எல்லாம் பீரில் புகை இருந்தது. பிறகு புகை படாமல் காயவைக்கும் சூளைகள் வந்தன, மற்ற ஊர்கள் மாறின. பாம்பெர்க்கில் சில ஆலைகள் மட்டும் மாறவில்லை. நாம் 'குறை' என்று நினைப்பது ஒரு வரலாற்று மிச்சம்.

கொலோன் நகரத்தில் 'கோல்ஷ்' பீரை 200 மில்லி ஒல்லியான கண்ணாடிக் குவளையில்தான் தருவார்கள். காலியானால் கேட்காமலே அடுத்தது வரும். போதும் என்றால் குவளையின் மேல் அட்டையை வைத்து மூடணும். நம்ம பந்தியில் இலையை மடித்தால் என்ன அர்த்தமோ அதேதான். அங்கே போய் "பெரிய மக்கில் குடு" என்று கேட்பது, கல்யாணப் பந்தியில் தட்டு ஏந்திப் போய் நிற்பது மாதிரி. குற்றம் ஒன்றும் இல்லை. ஆனால் அந்த ஊரை நீங்கள் கவனிக்கவில்லை என்று தெரிந்துவிடும்.

இதிலிருந்து கிடைக்கும் விதி எளிமையானது: மார்க் போடுவதற்கு முன் வகை என்னவென்று பாரு. செய்தவர் எதைச் செய்ய முயன்றார் என்று தெரியாமல் சரியாகச் செய்தாரா என்று சொல்ல முடியாது.

மரபுக்கு மரியாதை என்றால் விதியைக் கண்ணை மூடிக் கும்பிடுவதும் இல்லை. நாம் முதலில் பார்த்த கோஸ பீரில் உப்பும் கொத்தமல்லியும் இருப்பதால் அந்தத் தூய்மை ஆணைக்கே அது பொருந்தாது. இருந்தும் அது வட்டாரச் சிறப்பு என்று விதிவிலக்கு கொடுத்து வைத்திருக்கிறார்கள். விதியும் மரபு, விதிவிலக்கும் மரபு.

முத்துக்காரர்கள் இதை முன்பே செய்தார்கள்

'முதலில் வகை' என்ற இந்த யோசனை நம்ம கரைக்குப் புதுசு இல்லை. மன்னார் வளைகுடாவில் முத்துக்குளித்துறை சுறுசுறுப்பாக இருந்த காலத்தில் முத்து வியாபாரிகள் எடுத்த எடுப்பில் விலை பேச மாட்டார்கள். பித்தளைக் கிண்ணம் மாதிரியான பத்துச் சல்லடைகள் வைத்திருப்பார்கள். முதல் சல்லடையில் 20 துளை, அடுத்தது 30, 50, 80, 100 என்று போய்க் கடைசிச் சல்லடையில் 1000 துளை. துளை எண்ணிக்கை கூடக்கூடத் துளை சிறுசாகும். முத்தை முதலில் அளவு வாரியாகச் சலித்துப் பிரிப்பார்கள். பிறகுதான் ஒவ்வொரு வகுப்புக்குள்ளும் உருண்டை, நிறம், பளபளப்பு பார்த்துத் தரம் பிரிப்பார்கள். சின்ன முத்தைப் பெரிய முத்தோடு ஒப்பிட்டு "இது மட்டம்" என்று யாரும் சொல்ல மாட்டார்கள். அது அதன் வகுப்பில் நல்லதா என்பதுதான் கேள்வி.

1961-க்குப் பிறகு அந்த மாதிரிப் பெரிய முத்துக்குளிப்பு இங்கே நடக்கவில்லை. சல்லடைகள் பெட்டிக்குள் போய்விட்டன. ஆனால் அந்தப் பார்வை நமக்கு இப்போதும் தேவைப்படும் இடம் ஒன்று இருக்கு. அதைப் பார்க்கக் கடற்கரையிலிருந்து கொஞ்சம் உள்ளே போகணும்.

தேரிக்காட்டு நொதித்தல் பாடம்

திருச்செந்தூர், உடன்குடி, சாத்தான்குளம் சுற்றுவட்டாரத்தில் செக்கச்செவேல் என்று மணல்மேடுகள் கிடக்கும். அதுதான் தேரி. அந்த மண்ணில் அசராமல் நிற்கிற மரம் பனை. பனையேறி பாளையைச் சீவிக் கலயத்தைக் கட்டிவிட்டு இறங்குவார். சொட்டுச் சொட்டாக வடிவதுதான் பதநீர், நம்ம பேச்சில் பதனி.

இப்போ பீரோடு ஒப்பிட்டுப் பாருங்க. பார்லியில் இருப்பது ஸ்டார்ச். ஈஸ்ட்டால் அதை நேரடியாகச் சாப்பிட முடியாது. அதனால் பார்லியை நனைத்து முளைக்கவிட்டு, அமைலேஸ் என்சைம் உண்டாக்கி, வெந்நீரில் ஊறவைத்து ஸ்டார்ச்சைச் சர்க்கரையாக உடைக்கணும். ஜெர்மன் பீர்க்காரரின் பாதி வேலை இதுதான். பனை இந்த வேலையைத் தானே முடித்துவிடுகிறது. கலயத்தில் விழும் நீரிலேயே ஏறக்குறைய 10 முதல் 14 சதவீதம் சுக்ரோஸ் இருக்கும். காற்றில், பாளையில், கலயத்தில் எங்கும் ஈஸ்ட் இருக்கு. நம்ம வெயில் வேற. விட்டால் சில மணி நேரத்திலேயே நுரைத்துக் கள் ஆகிவிடும். 12 சதவீதச் சர்க்கரை முழுக்க நொதித்தால் கணக்குப்படி 8 சதவீதம் வரை ஆல்கஹால் வரணும். நடைமுறையில் 4 முதல் 6 சதவீதம் வரும். கிட்டத்தட்ட பீர் அளவு. இன்னும் விட்டால் வினிகர்.

அதாவது ஜெர்மன்காரரின் சவால் நொதித்தலை ஆரம்பித்து வைப்பது. நம்ம பனையேறியின் சவால் நொதித்தலை நிறுத்தி வைப்பது. ரெண்டாவது ஒன்றும் லேசுப்பட்ட வேலை இல்லை. தரையில் நின்றுகூட இல்லை, மரத்து உச்சியில் தொங்குகிற கலயத்துக்குள் நிறுத்தணும்.

அதற்கு அவர் வைத்திருக்கும் ஆயுதம் சுண்ணாம்பு. கலயத்தின் உள்பக்கம் சுண்ணாம்பு தடவுவார். கால்சியம் ஹைட்ராக்சைடு கரைந்து பதநீரைக் காரத்தன்மைக்குக் கொண்டுபோகும். புதுப் பதநீரின் பிஹெச் 7-ஐ ஒட்டி இருக்கும். சுண்ணாம்பு சேர்ந்ததும் மேலே ஏறும். ஈஸ்ட்டுக்கு அது ஒத்துக்காது. சுக்ரோஸைக் குளுக்கோஸாகவும் ஃப்ரக்டோஸாகவும் உடைக்கும் இன்வர்டேஸ் என்சைமுக்கும் ஒத்துக்காது. அது அமிலப் பக்கம்தான் நன்றாக வேலை செய்யும்.

இந்த ரெண்டாவது விஷயம்தான் முக்கியம். சுண்ணாம்பு குறைந்தால் சுக்ரோஸ் உடையும். உடைந்த சர்க்கரை சரியாகப் படிகமாகாது. அந்தப் பதநீரைக் காய்ச்சினால் கருப்பட்டி இறுகாமல் பிசுபிசுக்கும், ஈரம் இழுத்து இளகும். சுண்ணாம்பு கூடினால் நிறம் கறுக்கும், நாக்கில் சுருக்கென்று பிடிக்கும். கையளவுதான் கணக்கு. பிஹெச் மீட்டர் கிடையாது.

ஆக ஹாப்ஸ் மாதிரியேதான் சுண்ணாம்பும். கெடாமல் இருக்கப் போட்டது, ருசியின் ஒரு பகுதி ஆகிவிட்டது. பதநீரில் லேசாகச் சுண்ணாம்பு வாடை அடிப்பதைக் குறை என்று சொல்வது, பில்ஸ்னரைப் பார்த்துக் கசக்குது என்று சொல்வது போலத்தான்.

சட்டமும் இந்தச் சுண்ணாம்புக் கோட்டில்தான் நிற்கிறது. ஒரே மரம், ஒரே பாளை, ஒரே சாறு. சுண்ணாம்பு போட்டு இறக்கினால் பதநீர், அனுமதி உண்டு. போடாமல் இறக்கினால் கள். தமிழ்நாட்டில் 1987 முதல் தடை. பக்கத்துக் கேரளாவில் கள்ளுக்கடை சட்டப்படி நடக்குது. யாழ்ப்பாணத்தில் பனங்கள்ளைப் பாட்டிலிலேயே அடைத்து விற்கிறார்கள். அது சரியா தப்பா என்ற அரசியல் விவாதம் தனி. நாம் கவனிக்க வேண்டியது, கள்ளில் இருக்கவேண்டிய புளிப்பு பதநீரில் இருந்தால் அது பிழை. மறுபடியும் அதே பாடம்: முதலில் வகை.

ஒரு கிலோ கருப்பட்டியின் கணக்கு

பதநீர் நிற்காது. அதனால் அன்றன்றைக்கே காய்ச்சணும். காய்ச்சும் குடிசைக்கு இந்தப் பக்கம் 'விடிலி' என்று பெயர். பெரும்பாலும் வீட்டுப் பெண்கள்தான் அந்த அடுப்பு முன்னால் நிற்பார்கள். பொங்கி வழியாமல் இருக்க ஆமணக்கு முத்தைத் தட்டிப் போடுவார்கள். பாகு பதம் வந்ததும் சிரட்டையில் ஊற்றினால் அந்த அரைவட்டக் கருப்பட்டி.

நாம் இன்ஜினியரிங் படிக்கிறோம் இல்லையா, ஒரு ஹீட் பேலன்ஸ் போட்டுப் பார்ப்போம். சர்க்கரை 12 சதவீதம் என்று வைத்துக்கொண்டால், ஒரு கிலோ கருப்பட்டிக்குச் சுமார் 8 லிட்டர் பதநீர் வேணும். எடை 8.4 கிலோ. அதில் ஏறக்குறைய 7.3 கிலோ தண்ணீரை ஆவியாக்கணும்.

- ஆவியாக்க: 7.3 × 2257 கிலோ ஜூல் = சுமார் 16.5 மெகா ஜூல்
- 30 டிகிரியிலிருந்து 100 டிகிரிக்குச் சூடாக்க: சுமார் 2.3 மெகா ஜூல்
- மொத்தம்: 19 மெகா ஜூலுக்குக் கொஞ்சம் குறைவு

காய்ந்த விறகு கிலோவுக்கு 15 மெகா ஜூல், சாதாரண அடுப்பின் திறன் 15 சதவீதம் என்று எடுத்துக்கொண்டால், ஒரு கிலோ கருப்பட்டிக்கு 8 கிலோவுக்கு மேல் விறகு எரியும். இதில் மரம் ஏறிய கணக்கு சேரவில்லை. ஒரு பனையேறி காலையில் முப்பது, நாற்பது மரம் ஏறி இறங்குவார். சாயங்காலம் திரும்பவும் அதே மரங்கள். ஒவ்வொரு தடவையும் பாளையைப் புதுசாகச் சீவணும், இல்லாவிட்டால் ஊறுவது நின்றுவிடும். லீவு போட முடியாத வேலை.

இப்போ கலப்படக்காரர் பக்கம் இருந்து பாருங்க. காய்ச்சும் பாகில் வெள்ளைச் சர்க்கரையைக் கொட்டினால், கொட்டிய ஒவ்வொரு கிலோவுக்கும் 8 லிட்டர் பதநீரும் 8 கிலோ விறகும் மிச்சம். ஏற வேண்டாம், சீவ வேண்டாம். நிறத்துக்குக் கொஞ்சம் அசல் கருப்பட்டி இருந்தால் போதும். கடையில் ரெண்டும் ஒரே சிரட்டை வடிவத்தில் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும். வாங்குகிறவருக்கு வித்தியாசம் தெரியாவிட்டால் விலை எந்தப் பக்கம் இழுக்கும்? அசல் காய்ச்சுபவர் கலப்படக்காரரின் விலைக்கு இறங்கியாகணும், அல்லது தொழிலை விட்டாகணும்.

இது சின்னத் தொழிலும் இல்லை. நூறு வருஷத்துக்கு முன் குலசேகரன்பட்டினத்தில் பனங்கருப்பட்டியைச் சுத்திகரித்துச் சர்க்கரை எடுக்கும் ஆலையே இருந்தது. அதற்குச் சரக்குக் கொண்டுவர இரண்டடி அகலப் பாதையில் திசையன்விளை, திருச்செந்தூர் பக்கம் ஒரு குட்டி ரயிலே ஓடியது, 1940-இல் நின்றது. இன்று இஸ்ரோவின் ஏவுதளம் எழும் அதே குலசேகரன்பட்டினம்தான். ராக்கெட்டுக்கு முன்னால் அந்த ஊருக்கு இண்டஸ்ட்ரி என்றால் பனைதான்.

1987: அங்கே ஒரு தீர்ப்பு

இந்த இடத்தில் ஜெர்மனிக்குத் திரும்பணும். பவேரிய ஆணை 1906-இல் ஜெர்மனி முழுக்க விரிந்தது. அதற்குப் பொருந்தாத வெளிநாட்டுப் பானத்தை 'பீர்' என்ற பெயரில் ஜெர்மனியில் விற்க முடியாது என்ற நிலை இருந்தது. மற்ற ஐரோப்பிய நாடுகளுக்கு இது வியாபாரத் தடை. வழக்கு ஐரோப்பிய நீதிமன்றம் போனது. 1987 மார்ச் 12-இல் ஜெர்மனிக்கு எதிராகத் தீர்ப்பு வந்தது: வேறு நாட்டில் சட்டப்படி பீர் என்று விற்பதை இங்கேயும் பீர் என்று விற்கலாம், மக்களுக்குத் தெரியப்படுத்தணும் என்றால் லேபிளில் எழுது, தடுக்காதே. நம்ம ஊரில் கள் தடைக்கு வந்த அதே வருஷம்.

அங்கே பலர் பயந்தார்கள், அவ்ளோதான் நம்ம மரபு போச்சு என்று. போகவில்லை. உள்ளூர் ஆலைகள் பழைய விதியிலேயே நின்றன. மக்களும் பெரும்பாலும் அந்த பீரையே தொடர்ந்து வாங்கினார்கள். ஏனென்றால் தன் ஊர் பீர் எப்படி இருக்கணும் என்று ஜெர்மானியரின் நாக்குக்குத் தெரியும். வேலி விழுந்தது, ஆடு தோட்டத்தை மேய்ந்துவிடவில்லை.

நம்ம கதை அப்படியே தலைகீழ். 2023-இல் உடன்குடி பனங்கருப்பட்டிக்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. உடன்குடி என்ற பெயரை இனி வேறு ஊர்ச் சரக்குக்கு ஒட்டக் கூடாது. அதாவது நமக்கு வேலி இப்போதுதான் வந்திருக்கு. ஆனால் அசல் எப்படி இருக்கும் என்று தெரிந்த நாக்கு எத்தனை பேருக்கு இருக்கு? ஹைவேயில் 'கருப்பட்டி காபி' போர்டு பார்த்து வண்டியை நிறுத்துகிற நம்மில் எத்தனை பேர், குவளைக்குள் இருப்பது கருப்பட்டியா, நிறம் ஏற்றிய சர்க்கரையா என்று சொல்வோம்?

லேபில் பிடிக்கலாம், கடையில்?

கலப்படத்தை அறிவியலால் பிடிக்க முடியும், அதுவும் அழகான வழியில். பனை ஒரு சி-3 தாவரம். கரும்பு சி-4 தாவரம். காற்றிலுள்ள கார்பன் டை ஆக்சைடை இரண்டும் வேறுவேறு என்சைம் வழியாகப் பிடிக்கின்றன. அதனால் எடை கூடிய கார்பன்-13 அணு இரண்டிலும் வேறுவேறு விகிதத்தில் சேரும். ஆயிரத்தில் இத்தனை பங்கு என்ற கணக்கில், சி-3 தாவரச் சர்க்கரை மைனஸ் 26-ஐ ஒட்டியும், கரும்புச் சர்க்கரை மைனஸ் 12-ஐ ஒட்டியும் வரும். ஒரு கருப்பட்டித் துண்டு மைனஸ் 19 காட்டினால்? இடைப்பட்ட தூரம் 14, நகர்ந்தது 7. பாதிக்குப் பாதி கரும்புச் சர்க்கரை. தேனில் கரும்புச் சர்க்கரை கலந்திருக்கிறதா என்று பார்ப்பதும் இந்த முறையில்தான்.

ஆனால் இதற்கு ஐசோடோப் மாஸ் ஸ்பெக்ட்ரோமீட்டர் வேணும். அதை உடன்குடிச் சந்தைக்குத் தூக்கிட்டுப் போக முடியாது. தண்ணீரில் போட்டுப் பார், உடைத்துப் பார் என்று சுற்றுகிற வீட்டுச் சோதனைகள் ஓரளவு சந்தேகத்தைக் கிளப்பும், உறுதி செய்யாது. மிச்சம் இருக்கும் கருவி நாக்கு. எந்தக் கருவிக்கும் காலிபரேஷன் தேவை. அதற்கு ஒரு ரெஃபரன்ஸ் சாம்பிள் வேணும்.

நாக்கைக் காலிபரேட் செய்வது எப்படி?

1. *மூலத்துக்குப் போங்க.* கோடைப் பருவத்தில் ஒரு காலைப்பொழுது தேரிப்பக்கம் போய், நேராகப் பனையேறும் அண்ணாச்சியிடமோ விடிலியிலோ வாங்குங்க. அதுதான் உங்க ஸ்டாண்டர்ட். மற்ற எல்லாம் அதிலிருந்து எவ்வளவு தள்ளி இருக்கு என்பதுதான் அளவு.

2. *பதநீரைக் காலையிலேயே குடிங்க.* பனையோலைப் பட்டையில் ஊற்றித் தருவாங்க. ஓலை வாசமும் ருசியில் சேர்த்திதான். அடியில் வெள்ளையாகத் தங்குவது அழுக்கு இல்லை, சுண்ணாம்பு. அது தெளிந்தபின் குடிக்கணும். குமிழி விட்டுப் புளிப்பு தட்டினால் அது பதநீர் என்ற எல்லையைத் தாண்டியாச்சு. விழுங்கிய பிறகு இனிப்பு கசப்பாக மாறித் தொண்டையில் தங்கினால் சாக்கரின் மேல் சந்தேகப்படலாம்.

3. *ஐஸ் வேண்டாம்.* குளிர்ந்தால் இனிப்பும் வாசமும் நாக்குக்குக் குறைவாகத் தெரியும். பீருக்கும் இது பொருந்தும். வைஸ்பியரை ஜில்லென்று உறைய வைத்துக் கொடுத்தால் அந்த வாழைப்பழ வாசம் வராது.

4. *கருப்பட்டியைக் கடிக்காதீங்க, கரைய விடுங்க.* ஒரு சின்னத் துண்டை நாக்கில் வைத்து ஒரு நிமிஷம் பொறுங்க. வெள்ளைச் சர்க்கரை சட்டென்று இனித்து முடிந்துவிடும். கருப்பட்டியில் இனிப்புக்குப் பின்னால் ஒரு லேசான உப்புக் கரிப்பு, விடிலிப் புகை, காய்ந்த பாகின் கசப்பு என்று வரிசையாக வரும். அந்தப் புகையைக் குறை என்று எழுதாதீங்க. பாம்பெர்க்கை நினைச்சுக்கோங்க.

5. *வகையை மாத்தாதீங்க.* சுக்கு சேர்த்த சில்லுக் கருப்பட்டிக்குக் காரம் சரி. சாதாரணக் கருப்பட்டிக்கு அது சரி இல்லை. பனங்கற்கண்டு படிகமாக இருக்கணும். பளபளவென்று கண்ணாடி மாதிரி மின்னுகிற கருப்பட்டியைப் பார்த்தால் மட்டும் ஒரு கேள்வி கேளுங்க.

ஹாஸ்டலில் ஒரு எக்ஸ்பெரிமென்ட்

பீர் ஆலைகளில் பழக்கப்பட்ட ஒரு சோதனை இருக்கு. பெயர் முக்கோணச் சோதனை. ஒருவருக்கு மூன்று குவளை கொடுக்கணும். இரண்டில் ஒரே சரக்கு, ஒன்றில் வேறு. எது வேறு என்று அவர் சொல்லணும். குருட்டாம்போக்கில் சொன்னாலும் மூன்றில் ஒரு வாய்ப்பு உண்டு. அதனால் ஆள் எண்ணிக்கை முக்கியம். 12 பேரிடம் செய்தால், குறைந்தது 8 பேர் சரியாகச் சொன்னால்தான் "வித்தியாசம் நிஜமாகவே தெரிகிறது" என்று 95 சதவீத நம்பிக்கையோடு சொல்ல முடியும். ஸ்டாடிஸ்டிக்ஸ் பேப்பர் எழுதியவர்கள் பைனாமியல் போட்டுச் சரிபாருங்க.

விடிலியில் வாங்கிய கருப்பட்டி ஒன்று, கடையில் மலிவாகக் கிடைத்தது ஒன்று. ஒரே அளவு வெந்நீரில் கரைத்து, குவளையில் எண் மட்டும் எழுதி, நிறம் தெரியாமல் இருக்க ஸ்டீல் டம்ளரில் ஊற்றி, 12 பேரைக் கூப்பிடுங்க. முதல் வாரம் 5 பேர்தான் சரியாகச் சொல்வார்கள் என்றாலும் கவலைப்படாதீங்க. அசலை ஒரு மாதம் ருசித்த பிறகு திரும்பச் செய்யுங்க. அந்த எண் ஏறினால் நாக்கு காலிபரேட் ஆகுது என்று அர்த்தம்.

இதில் பனையேறிக்கு என்ன லாபம் என்று கேட்கலாம். வித்தியாசம் தெரிந்த பன்னிரண்டு பேர் என்பது கூடுதல் விலை கொடுக்கக் காரணம் தெரிந்த பன்னிரண்டு பேர். லீவுக்கு ஊருக்குப் போகும்போது அவர்கள் வீட்டில் சொல்வார்கள். புவிசார் குறியீடு ஒரு முத்திரைதான். முத்திரையைப் பார்த்துக் கேள்வி கேட்கிற ஆள் இருந்தால்தான் அதற்கு மதிப்பு.

அடுத்த தடவை யாராவது சர்க்கரை விலையை ஒட்டி "அசல் உடன்குடிக் கருப்பட்டி" என்று நீட்டினால், அந்த 8 லிட்டர் பதநீரையும் 8 கிலோ விறகையும் ஒரு நிமிஷம் மனக்கணக்குப் போட்டுப் பாருங்க மக்கா. அந்த விலைக்கு அது வரவே வராது.